கோணேசர் கடலில் பிறந்த கலர்ப் படம்: தெரியுமா உங்களுக்கு?

இலங்கையின் முதலாவது முழுநீளக் கலர்ப் படம் எந்த ஊரில் எடுக்கப்பட்டது தெரியுமா? கொழும்பில் இல்லை, கண்டியில் இல்லை, எங்கள் திருகோணமலையில்! அதை இயக்கியவர் இங்கிலாந்திலிருந்து வந்த ஒரு சுழியோடி என்பது தெரியுமா? அதே மனிதர் அந்தப் படத்துக்கு ஆறு வருடம் முந்தி, சுவாமி மலையின் அடியில் கடலுக்குள் இறங்கி, இடிக்கப்பட்ட கோணேசர் கோயிலின் கற்களைக் கண்டு உலகத்துக்குச் சொன்னவர் என்பது தெரியுமா? இன்னும் கேளுங்கள்: பிற்காலத்தில் கமராவையும் சினிமாவையும் உதறிவிட்டு, காவி கட்டி, சிவகல்கி சுவாமி என்ற பெயரோடு இந்த நாட்டிலேயே வாழ்ந்து மறைந்தவரும் அவரேதான்!

மைக் வில்சன் என்பது அவர் பெயர். சினிமா இயக்குநர், எழுத்தாளர், புகைப்படக்காரர், சுழியோடி, கடைசியில் சாமியார். ஒரு மனிதர் ஒரே பிறவியில் இத்தனையும் செய்தார். அதில் பாதிக்கு எங்கள் துறைமுகம் சாட்சி. ஆனால் இந்தப் பெயரைச் சொன்னால் இன்று திருமலையில் எத்தனை பேருக்கு விளங்கும்?

வில்சன் 1934இல் பிறந்தவர். இளவயதிலேயே கடலோடு பழகியவர். 1950களின் தொடக்கத்தில் அவருக்கு ஒரு நண்பர் கிடைத்தார். அந்த நண்பர் யார் தெரியுமா? விஞ்ஞானக் கதைகளின் சக்கரவர்த்தி ஆர்தர் சி. கிளார்க்! உங்கள் வீட்டுக் கூரையில் டிஷ் அன்டெனா இருக்கிறதா? அது பார்த்துக்கொண்டிருக்கும் செய்மதி, பூமியிலிருந்து சுமார் 36,000 கிலோமீற்றர் உயரத்தில், பூமியோடு சேர்ந்து சுழன்று, ஒரே இடத்தில் நிற்பதுபோலத் தெரிகிறது. அந்த உயரத்தில் மூன்று நிலையங்களை நிறுத்தினால் உலகம் முழுவதற்கும் செய்தி அனுப்பலாம் என்று 1945இலேயே கட்டுரை எழுதியவர் இந்தக் கிளார்க். அப்போது அவருக்கு வயது 27. மனிதன் அனுப்பிய முதல் செய்மதி மேலே போனதே அதற்குப் பன்னிரண்டு வருடம் கழித்துத்தான்!

இப்படி வானத்தையே பார்த்துக்கொண்டிருந்த மனிதரைக் கடலுக்குள் இழுத்தவர் மைக் வில்சன். கிளார்க் அதை மறக்கவில்லை. 1957இல் வெளிவந்த தமது கடல் நாவலான 'த டீப் ரேஞ்ச்'ஐ அவர் மைக்குக்கே அர்ப்பணித்தார்.

1954 டிசம்பரில் கிளார்க் அவுஸ்திரேலியாவுக்குக் கப்பலேறினார். பெரும் பவளத்திட்டில் சுழியோட வேண்டும் என்பது திட்டம். வழியில் கப்பல் கொழும்பில் நின்றது. நின்றது சில மணிநேரம்தான். அதற்குள் ரொட்னி ஜோன்க்ளாஸ் என்ற மனிதரைக் கிளார்க் சந்தித்தார். தெகிவளை மிருகக்காட்சிசாலையில் பணியாற்றிய உயிரியலாளர் அவர், இலங்கைச் சுழியோடிகளின் முன்னோடி. எங்கள் கடலில் என்னவெல்லாம் இருக்கிறது என்று அவர் சொல்லச் சொல்ல, கிளார்க்குக்கு ஆசை மூண்டுவிட்டது. அவுஸ்திரேலிய வேலை முடிந்தது. 1956இல் கிளார்க்கும் வில்சனும் இலங்கைக்கு வந்து சேர்ந்தார்கள். கிளார்க் அதன் பிறகு இந்த நாட்டையே தமது வீடாக்கிக்கொண்டார். 2008 மார்ச்சில் தமது தொண்ணூறாவது வயதில் கொழும்பிலேயே கண்ணை மூடினார்!

1956! அந்த ஒரு வருடத்துக்குள் எத்தனை நடந்தன பாருங்கள். கடலடியில் எடுத்த கூஸ்தோவின் 'அமைதி உலகம்' என்ற விவரணப் படம் பிரான்சில் கான் விழாவின் முதற்பரிசைத் தட்டிச் சென்றது. இலங்கையில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், கமராவை ஸ்டூடியோவுக்கு வெளியே தூக்கிக்கொண்டு போய் 'ரேகாவ' எடுத்தார். அதே வருடம் ஜூனில் பாராளுமன்றத்தில் தனிச் சிங்களச் சட்டம் நிறைவேறியது. அதே வருடத்தில்தான் திருகோணமலைக் கடலுக்குள் மைக் வில்சன் இறங்கினார்.

எங்கே இறங்கினார் என்பதைச் சொல்வதற்கு முன், அந்த இடத்தின் கதையைச் சொல்லியே ஆகவேண்டும். ஏழாம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் பதிகம் பாடிய தலம் கோணமாமலை, நாம் இன்று சுவாமி மலை என்று சொல்லும் அதே மலை. கடல் மூன்று பக்கமும் சூழ, செங்குத்தாக எழுந்து நிற்கும் பாறையின் உச்சியில் கோயில். கப்பலில் வந்த போர்த்துக்கேயர் தூரத்திலேயே அதைக் கண்டு, ஆயிரம் தூண் கோயில் என்று வியந்தார்கள். வியந்தவர்களே இடித்தார்கள்! 1620களில் தளபதி கொன்ஸ்தன்தீனு டி சாவின் ஆட்கள் கோயிலைச் சூறையாடினார்கள். கோயிற் கற்களில் ஒரு பகுதி கோட்டைச் சுவராகியது. இன்று நாம் பிரட்ரிக் கோட்டை என்று சொல்வது அந்தக் கோட்டையின் வழிவந்ததுதான். வாசலில் நின்று பார்த்தால், பழைய தமிழ்க் கல்வெட்டு ஒன்று மதிலோடு மதிலாகப் பதிந்திருப்பது இன்றும் தெரியும். மீதிக் கற்கள் என்ன ஆயின? பாறையிலிருந்து கடலுக்குள் போயின.

கோயில் போனபின்னும் மக்கள் போகவில்லை. இது எத்தனை பேருக்குத் தெரியும்? கோயில் இல்லாத வெறும் பாறையின் விளிம்பில் நின்று, கீழே கொந்தளிக்கும் கடலைப் பார்த்து, தேங்காயும் பூவும் பழமும் எறிந்து பூசை செய்துகொண்டேயிருந்தார்கள்! போர்த்துக்கேயர் போய் ஒல்லாந்தர் வந்தார்கள், ஒல்லாந்தர் போய் ஆங்கிலேயர் வந்தார்கள், கோட்டைக்குள் வெள்ளைப் பட்டாளம் குடியிருந்தது. பூசை மட்டும் விடவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் எமர்சன் டெனன்ட் போன்ற ஆங்கிலேயர்கள் இதைக் கண்டு தங்கள் புத்தகங்களில் எழுதி வைத்திருக்கிறார்கள். மூன்று நூற்றாண்டுக்கு மேலாக ஒரு சனம் கடலைப் பார்த்துக் கும்பிட்டிருக்கிறது!

அவர்கள் கும்பிட்ட திசையில், அந்தத் தண்ணீருக்கு அடியில், உண்மையிலேயே கோயில் கிடந்தது. அதுதான் என்னைச் சிலிர்க்க வைக்கும் விஷயம்.

முதல் அறிகுறி கரையிலேயே கிடைத்தது. 1950இல் ஊருக்குள் கிணறு வெட்டியவர்களின் மண்வெட்டியில் வெண்கல விக்கிரகங்கள் தட்டுப்பட்டன. சோமாஸ்கந்தர், சந்திரசேகரர், பார்வதி, பிள்ளையார்! இடிப்பவர்கள் வந்து சேருமுன் யாரோ பக்தர்கள் அவசர அவசரமாகப் புதைத்து வைத்த தெய்வங்கள் அவை. ஆறு வருடம் கழித்துக் கடல் வாய் திறந்தது. சுவாமி மலையின் அடிவாரத்தில் சுழியோடிய வில்சன், இயற்கைப் பாறைகளுக்கு நடுவே மனிதக் கை செதுக்கிய கற்களைக் கண்டார். நேர்விளிம்பு உடைய கற்கள், சித்திர வேலை உள்ள துண்டங்கள், தூண்கள். கிளார்க்கும் இறங்கினார். வில்சனின் கமரா அவற்றைப் படம் பிடித்தது. 1957இல் கிளார்க்கின் 'த ரீஃப்ஸ் ஒஃப் தப்ரபேன்' என்ற புத்தகம் வெளிவந்தபோது, கடலடியில் ஒரு சைவக் கோயில் கிடக்கிறது என்ற செய்தி உலகத்துக்கே போய்ச் சேர்ந்தது!

கோயிலின் இலிங்கத்தைக் கடலுக்கடியில் கண்டவரும் வில்சன்தான். இராவணன் கைலாயத்திலிருந்து கொண்டுவந்த இலிங்கங்களில் ஒன்று என்று ஐதீகம் சொல்லும் அந்தச் சுயம்புலிங்கம், இன்று கோணேசர் கோயிலில் பூசையில் இருக்கிறது. இடிக்கப்பட்ட கோயிலை மீண்டும் கட்டும் திருப்பணி முடிந்து, 1963இல் கும்பாபிஷேகம் நடந்தது. நாத்திகராகவே வாழ்ந்த கிளார்க் கூடவே இருக்க, ஒரு வெள்ளைக்கார இளைஞர் அந்த இலிங்கத்தைக் கண்டெடுத்தார். அப்போது வில்சனுக்கு வயது இருபதைச் சற்றுத் தாண்டியிருந்தது, அவ்வளவுதான்!

எங்கள் கடலில் நினைத்த நேரத்தில் சுழியோட முடியாது. இது வெளியூர்க்காரருக்குத் தெரியாது, எங்கள் மீனவருக்கு நன்றாகத் தெரியும். வாடைக்காற்று அடிக்கும் மாதங்களில் கிழக்குக் கடல் கலங்கிப்போகும். மகாவலி கொட்டியார் குடாவில் கொண்டுவந்து கொட்டும் வெள்ளமும் சேரும். கச்சான் காற்றுக் காலம் வந்தால், கரையிலிருந்து கடலுக்கு வீசும் அந்தக் காற்றில் கிழக்குக் கரை அடங்கித் தெளியும். தெற்குக் கரையில் இது தலைகீழ். அதனால் இலங்கையில் சுழியோடி ஒருவர் வருடத்தில் பாதியைத் திருமலைப் பக்கமும் மீதியைத் தெற்கிலும் கழிக்கலாம். வில்சனும் அப்படித்தான் இரண்டு பக்கமும் ஓடித்திரிந்தார்.

அப்படித் தெற்கே போன ஒரு பயணத்தில்தான் புதையல் கிடைத்தது! கதையில்லை, உண்மையான புதையல். இலங்கையின் தென்கிழக்கு மூலையில், கரையிலிருந்து தள்ளி, பெரிய பாசஸ் என்ற பாறைத்தொடர் இருக்கிறது. அதன் மேல் தனியே ஒரு வெளிச்சவீடு. சிங்கள மக்கள் அந்த இடத்தை 'மகா ராவணா கோட்டுவ' என்கிறார்கள். அங்கேயும் இராவணன்தான்! 1961 மார்ச்சில் இரண்டு அமெரிக்கச் சிறுவர்களை வைத்துக் கடலடிப் படம் ஒன்று எடுக்க வில்சன் அங்கே போனார். படம் எடுக்கப் போன இடத்தில் கண்ணில் பட்டது ஒரு வெண்கலப் பீரங்கி. பக்கத்தில் கொத்துக் கொத்தாக வெள்ளி நாணயம். எல்லாம் சூரத் அக்கசாலையில் 1702ஆம் ஆண்டளவில் அடிக்கப்பட்ட, ஔரங்கசீப்பின் வெள்ளி ரூபாய்கள்! ஒரு பையில் ஆயிரம் என்ற கணக்கில் கட்டி அனுப்பியிருக்கிறார்கள். கோணிப்பை உக்கிப் போய்விட்டது. நாணயங்களோ பையின் வடிவம் மாறாமல் ஒன்றோடொன்று ஒட்டி, பவளம் மூடி, கல்லாகிக் கிடந்தன. 1964இல் கிளார்க் இதைத் தனிப் புத்தகமாகவே எழுதினார். அந்த நாணயக் கட்டி ஒன்று அமெரிக்காவின் ஸ்மித்சோனியன் நிறுவனத்துக்குப் போனது.

வில்சனும் கிளார்க்கும் சேர்ந்து எழுதிய புத்தகங்கள் எத்தனை என்று நினைக்கிறீர்கள்? 'பாய் பினீத் த சீ', 'த ஃபர்ஸ்ட் ஃபைவ் ஃபதம்ஸ்', 'இந்தியன் ஓஷன் அட்வென்சர்', 'இந்தியன் ஓஷன் ட்ரெஷர்' என்று வரிசையாக வந்தன. ஒருவர் பேனா, ஒருவர் கமரா. பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதப்பட்ட புத்தகங்கள் இவற்றுள் உண்டு. இலங்கைக் கடலைப் பற்றி மேலைநாட்டுப் பிள்ளைகள் வாசித்துக்கொண்டிருந்த காலத்தில், எங்கள் பிள்ளைகளுக்குத் தமிழில் இவற்றில் ஒன்றும் கிடைக்கவில்லை. அது எனக்கு இன்றும் மனக்குறை.

இனிப் படத்துக்கு வருவோம்!

ஒரு விஷயம் முதலில். சிங்கள சினிமாவின் முதற் பேசும்படம் எங்கே எடுக்கப்பட்டது தெரியுமா? மதுரையில்! 1947 ஜனவரியில் கொழும்பில் திரையிடப்பட்ட 'கடவுணு பொறொந்துவ' மதுரை சித்திரகலா மூவிடோனில் உருவான படம். தயாரிப்பாளர் எஸ்.எம். நாயகம், தமிழர். அதற்குப் பிறகும் பல வருடம் சிங்களப் படங்கள் தென்னிந்திய ஸ்டூடியோக்களின் செட்டுக்குள்ளேயே பிறந்தன. 'ரேகாவ' அந்தச் சுவரை உடைத்தது. நான் தொடக்கத்தில் சொன்ன வில்சனின் கலர்ப் படம், 'ரன்முத்து தூவ', இன்னொரு சுவரை உடைத்தது. கறுப்பு வெள்ளைச் சுவர்!

சரென்டிப் புரொடக்ஷன்ஸ் என்ற பெயரில் மூன்று பேர் கூடினார்கள். வில்சன், கிளார்க், சேஷா பலிஹக்கார. மூன்றாமவரை 'ரேகாவ' பார்த்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அதில் பொய்க்கால் கட்டிக்கொண்டு ஊருக்குள் வரும் கலைஞன் மிகேல் அவர்தான். புதையல் தேடும் கதை. கடலடியில் கோயில், கடலடியில் செல்வம். இந்தக் கதையை எங்கிருந்து பிடித்தார் என்று வில்சனைக் கேட்கவும் வேண்டுமா? சுவாமி மலைக்கடியில் கோயிலையும் இராவணா கோட்டுவவில் வெள்ளியையும் தன் கண்ணால் கண்ட மனிதருக்குக் கற்பனை எதற்கு!

கடலுக்கடியில் கலர்ப் படம் பிடிப்பதென்றால் என்னவென்று ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். தண்ணீர் நிறத்தைத் தின்னும். இரண்டு மூன்று பனை உயரம் இறங்கத் தேவையில்லை, ஐந்தாறு மீற்றரிலேயே சிவப்பு மங்கத் தொடங்கிவிடும். அடுத்துச் செம்மஞ்சள், அடுத்து மஞ்சள். இருபது முப்பது மீற்றரில் எல்லாமே நீலப்பச்சை. சிவப்புப் பவளம் அங்கே சாம்பல் நிறமாகத் தெரியும், வெட்டுக் காயத்தில் வரும் இரத்தமே பச்சையாகத் தெரியும்! அதனால் வெயில் ஏறிய நேரம், தெளிந்த கடல், ஆழமில்லாத இடம் மூன்றும் ஒன்றாக அமைய வேண்டும். கமராவைத் தண்ணீர் புகாத பெட்டிக்குள் பூட்ட வேண்டும். 35 மில்லிமீற்றர் பிலிமில் நூறடிச் சுருள் ஓடுவது ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல். நானூறடிச் சுருள் என்றாலும் நாலரை நிமிடத்தைத் தாண்டாது. முடிந்தால் மேலே வா, துடை, பெட்டியைத் திற, மாற்று, பூட்டு, மறுபடி இறங்கு! எடுத்தது சரியாக வந்திருக்கிறதா என்று அங்கேயே பார்க்க வழியில்லை. கலர் பிலிமைக் கழுவும் வசதி அன்று இலங்கையில் இல்லை. கடல் கடந்து போய்க் கழுவி வரவேண்டும். நடிகர்களோ காற்றுக்குழலை வாயில் கடித்துக்கொண்டு கண்ணால் மட்டும் நடிக்க வேண்டும்.

இத்தனைக்கும் நடுவில் பணம் போட்ட கிளார்க் படுக்கையில் விழுந்தார்! 1962இன் தொடக்கத்தில் தலையில் அடிபட்டதைத் தொடர்ந்து அவருக்குக் கைகால்கள் செயலிழந்தன. மாதக்கணக்கில் படுக்கை. படுத்திருந்தபடியே அவர் எழுதிய சிறுவர் நாவல்தான் 'டொல்ஃபின் ஐலண்ட்'. வில்சன் படத்தை விடவில்லை. நண்பர் படுக்கையில் கிடக்க, இவர் கடலில் கிடந்தார்.

1962 ஆகஸ்டில் 'ரன்முத்து தூவ' வெளிவந்தது. தியேட்டர் வாசலில் கூட்டம் அலைமோதியது! தங்கள் நாட்டுக் கடலின் அடிப்பகுதியை, அதுவும் கலரில், சனங்கள் முதன்முதலாகப் பார்த்தார்கள். அதுவரையிருந்த வசூல் சாதனைகளை அது முறியடித்தது. கதாநாயகன் காமினி பொன்சேகா, கதாநாயகி ஜீவராணி குருகுலசூரிய. சிரிப்புக்கு ஜோ அபேவிக்ரம. இசை டபிள்யூ.டி. அமரதேவ. பாடல்கள் ஸ்ரீ சந்திரரத்ன மானவசிங்க. நாரத திசாசேகரவும் நந்தா மாலினியும் பாடிய 'கலன கங்ககி ஜீவிதே' அறுபது வருடம் தாண்டியும் சிங்கள வானொலியில் ஒலிக்கிறது. அந்தப் பாட்டு நந்தா மாலினிக்குச் சரசவிய விருது வாங்கிக் கொடுத்தது. அவர் பிறகு சிங்கள இசையின் பெருங்குரலானார்.

என் தீர்ப்பைச் சொல்லிவிடுகிறேன். இதைக் கலையின் சிகரம் என்று நான் சொல்லமாட்டேன். புதையல், சண்டை, பாட்டு என்று அது சனங்களுக்கான படம். ஆனால் அதன் பாட்டுகளும் அதன் கடலும் முதல்தரம். வெளிநாட்டிலிருந்து வந்த ஒருவர், தேயிலைத் தோட்டத்தையும் யானையையும் காட்டிவிட்டுப் போகாமல், உள்ளூர் மொழியில், உள்ளூர் நடிகரை வைத்து, உள்ளூர் சனங்களுக்காகப் படம் எடுத்தாரே, அது பெரிய விஷயம். அதே காலத்தில் ஹொலிவூட் படக்குழுக்கள் இங்கே வந்து போயின. 'த பிரிட்ஜ் ஒன் த ரிவர் க்வாய்' கித்துள்கலையில் எடுக்கப்பட்டது. அவர்களுக்கு இந்த நாடு வெறும் பின்புலம். வில்சனுக்கு இதுதான் கதை.

இலங்கையில் தயாரான முதல் தமிழ்ப் படம் 'சமுதாயம்' வந்ததும் அதே 1962இல்தான் என்பது தெரியுமா? 16 மில்லிமீற்றரில் எடுக்கப்பட்ட சிறிய முயற்சி அது. ஒரே வருடத்தில் ஒரு நாட்டின் முதல் கலர்ப் படமும், அதே நாட்டின் முதல் தமிழ்ப் படமும்! முன்னதற்குத் தமிழ் ஊர் ஒன்று தன் கடலையும் மலையையும் கொடுத்தது. பின்னதற்கு இயக்குநரைச் சிங்களவர் பக்கம் கொடுத்தது: ஹென்றி சந்திரவன்ச.

வில்சன் அதன்பின் இரண்டு படம் எடுத்தார். 1964இல் 'கெட்டவரயோ', திஸ்ஸ லியன்சூரியவோடு சேர்ந்து இயக்கியது. 1967இல் 'சோருங்கெத் சோரு'. ஜேம்ஸ் பொன்ட் அலை உலகமெங்கும் அடித்த நேரம். வில்சன் அதைப் பிடித்து, காமினி பொன்சேகாவை 'ஜேமிஸ் பண்டா' என்ற துப்பறியும் வீரனாக்கிவிட்டார்! கிளார்க்கோ அந்த வருடங்களில் அமெரிக்காவில் ஸ்டான்லி குப்ரிக்கோடு உட்கார்ந்து வேறொரு படத்துக்குத் திரைக்கதை எழுதிக்கொண்டிருந்தார். அதுதான் 1968இல் வந்த '2001: எ ஸ்பேஸ் ஒடிசி'. ரன்முத்து தூவவுக்குப் பணம் போட்டவர்களில் ஒருவர், உலக சினிமாவின் மாபெரும் விண்வெளிப் படத்தின் கதாசிரியர்களில் ஒருவர்! திருமலைக்கும் அந்தப் படத்துக்கும் இடையில் இருப்பது ஒரே ஒரு மனிதர்தான்.

இப்போது நான் சொல்லப்போவது இந்தக் கட்டுரையிலேயே எனக்கு மிகப் பிடித்தது. காமினி பொன்சேகா நினைவிருக்கிறதா? திருகோணமலைக் கடலில் புதையல் தேடிய கதாநாயகன்? சிங்களத் திரையின் முடிசூடா மன்னராகி, பாராளுமன்றம் போய், பிரதிச் சபாநாயகராகவும் இருந்த அவர், 1990களின் நடுப்பகுதியில் வடக்கு கிழக்கு மாகாணத்தின் ஆளுநராக நியமிக்கப்பட்டார். அந்த மாகாணத்தின் தலைநகர் எது? திருகோணமலை! இளம் நடிகராக எந்த ஊர்க் கடலில் குதித்தாரோ, அதே ஊர் அவருக்கு ஆளுநர் பதவியின் தலைநகரமாகியது. போர் உச்சத்தில் இருந்த காலம் அது. இந்த மனிதர் 1979இல் 'சருங்கலே' என்ற படத்தில் நடராஜா என்ற தமிழ் அரசாங்க ஊழியராக நடித்து, இரண்டு இனத்துக்கும் நடுவே முறிந்துபோன நட்பைத் திரையில் காட்டியவர் என்பதையும் சேர்த்து நினைத்துப் பாருங்கள். சுனில் ஆரியரத்ன இயக்கிய அந்தப் படத்தைப் பார்த்து நம் ஆட்கள் பலர் கண்கலங்கியது உண்டு.

மைக் வில்சன் என்னவானார்? அவருடைய வாழ்க்கையின் மூன்றாம் பாகம் இரண்டு பாகத்தையும் விழுங்கிவிட்டது. 1970களில் அவர் சினிமாவை விட்டார், குடும்பத்தை விட்டார், பெயரையும் விட்டார். யாழ்ப்பாணத்து யோகர் சுவாமியின் வழியில் நின்ற, ஜெர்மன் சுவாமி என்று ஊரார் அழைத்த கௌரிபால சுவாமியின் பழக்கம் அவருக்கு ஏற்பட்டது. கதிர்காமத்தின் ஈர்ப்பு பிடித்துக்கொண்டது. சுவாமி சிவகல்கி என்று ஆனார். 1995இல் மறையும்வரை அந்தப் பெயரோடே இருந்தார். கடலடியில் இலிங்கத்தைக் கண்ட நாள் அவருக்குள் ஏதோ செய்துவிட்டது என்று நம் பெரியவர்கள் சொன்னால், நான் மறுக்கமாட்டேன். கண்டெடுத்தவர் அவர் என்றால், ஆட்கொண்டது யார்?

கிளார்க் திருகோணமலையை விடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அவரும், வில்சன் காலத்துச் சுழியோடிக் கூட்டாளி ஹெக்டர் ஏக்கநாயக்கவும் நடத்திய சுழியோட்ட நிறுவனம் போருக்கு முன் இங்கே இயங்கியது. போர் வந்தது, சுழியோட்டம் போனது. பல வருடம் எங்கள் மீனவருக்கே கடல் மூடப்பட்டிருந்தது.

அந்தக் கடல் எப்படிப்பட்டது தெரியுமா? எங்கள் குடாவின் வாயிலிருந்தே ஒரு கடலடிப் பள்ளத்தாக்குத் தொடங்கி, 3,000 மீற்றருக்கும் கீழே இறங்கிப் போகிறது! உலகத்தின் பெரிய கடலடிப் பள்ளத்தாக்குகளில் அதுவும் ஒன்று. பிதுருதலாகலையையே தூக்கி உள்ளே வைத்தாலும் உச்சி வெளியே தெரியாது. ஆழம் கரைக்கு இத்தனை பக்கத்தில் வருவதால்தான் திமிங்கிலங்களும் பக்கத்தில் வருகின்றன. 1980களின் தொடக்கத்தில் 'டியூலிப்' என்ற பாய்மரப் படகில் வந்த ஆராய்ச்சியாளர்கள், உயிரோடிருக்கும் எண்ணெய்த் திமிங்கிலங்களின் வாழ்க்கையை இந்தக் கடலில் பின்தொடர்ந்து படித்தார்கள். மார்ச், ஏப்ரலில் சுவாமி மலை உச்சியில் நின்றே நீலத்திமிங்கிலத்தின் மூச்சுநீர் எழும்புவதைப் பார்க்கலாம். பூமியில் வாழ்ந்த உயிர்களில் மிகப் பெரிய உயிர், கோயில் வாசலிலிருந்து!

'ரன்முத்து தூவ' படப்பிடிப்பு நடந்தபோது பத்து வயதுப் பிள்ளையாக இருந்த ஒருவருக்கு இன்று எழுபது தாண்டியிருக்கும். சுவாமி மலையிலும் கோட்டையடியிலும் கமரா நின்றதைப் பார்த்தவர்கள், படகு ஓட்டிக் கொடுத்தவர்களின் பிள்ளைகள், சோறு சமைத்துக் கொடுத்த வீடுகள் எங்கள் ஊரில் இன்னும் இருக்கத்தான் வேண்டும். உங்கள் வீட்டில் அப்படி ஒரு அப்பப்பாவோ அம்மம்மாவோ இருந்தால், இந்த வாரமே பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். கைத்தொலைபேசியில் குரலைப் பதியுங்கள். பழைய பெட்டியில் ஒரு புகைப்படம் இருந்தால் பிரதி எடுத்து நூலகத்துக்குக் கொடுங்கள். திருகோணமலைப் பாடசாலை ஆசிரியர்களே, அடுத்த ஒப்படைக்கு இதையே தலைப்பாகக் கொடுங்கள்.